ஜேம்ஸ் கார்னர் மார்க்கெட் போய்த்தான் டிவிக்குத் திரும்பினாரா?

உங்கள் கேள்வியின் சுருக்கம் இது: போர்க் கைதிகள் ஜெர்மன் முகாமிலிருந்து தப்பிக்கும் ‘தி கிரேட் எஸ்கேப்’ படம் பார்த்தீர்கள். அதில் ஸ்டீவ் மெக்வீனோடு வரும் ஜேம்ஸ் கார்னர் அமெரிக்க டிவியின் பெரிய நட்சத்திரம் என்று எங்கோ படித்தீர்கள். சினிமாவில் அவ்வளவு நல்ல இடம் பிடித்தவர் எதற்காக மறுபடி டிவிக்குப் போனார், படங்கள் ஓடவில்லையா என்று கேட்கிறீர்கள். கூடவே, ‘அவர் நடிக்கிற மாதிரியே தெரியவில்லையே, இதில் கொண்டாட என்ன இருக்கிறது’ என்றும் ஒரு வரி. உண்மையில் இது இரண்டு கேள்வி. டிவிக்குப் போனாலே மார்க்கெட் போய்விட்டது என்று அர்த்தமா என்பது ஒன்று. அலட்டிக்கொள்ளாமல் நடிப்பதைத் திறமை என்று எப்படிச் சொல்வது என்பது இன்னொன்று. முதலாவதற்குத் தேதி போட்டுப் பதில் சொல்லலாம். இரண்டாவதற்கு என் தொழிலை வைத்துத்தான் சொல்ல முடியும். நான் சென்னையில் பல வருடமாக டிவி சீரியல் எடிட்டர். யார் முகத்தில் கட் பண்ணுவது, எவ்வளவு நேரம் அங்கே நிற்பது என்று முடிவு செய்வதுதான் பிழைப்பு. அமெரிக்க ஸ்டூடியோவில் வேலை பார்த்தவன் இல்லை. பழைய டிவி மேல் உள்ள பித்தில் பார்த்தும் படித்தும் சேர்த்தது. நடுவில் வழக்குகளும் வரும், நான் வக்கீலும் இல்லை.

முதலில் ஆளைப் பற்றிக் கொஞ்சம். 1928 ஏப்ரல் 7 அன்று ஓக்லஹோமா மாநிலத்தின் நார்மன் ஊரில் பிறந்தார். சொந்தப் பெயர் ஜேம்ஸ் ஸ்காட் பம்கார்னர். சின்ன வயதிலேயே அம்மா போய்விட்டார். சித்தியின் கையால் நிறைய அடி வாங்கியதாக அவரே பிற்காலத்தில் சொல்லியிருக்கிறார். பதினாலு வயதிலேயே வீட்டை விட்டு வெளியேறி, கிடைத்த வேலையெல்லாம் செய்தார், கொஞ்ச காலம் சரக்குக் கப்பலிலும். பிறகு கொரியப் போரில் ராணுவ வீரராக இரண்டு முறை காயம்பட்டார். இரண்டாவது காயம் தன் நாட்டு விமானம் தவறுதலாகச் சுட்டதில் பின்பக்கத்தில் பட்டது என்று சொல்லிச் சிரிப்பார். அந்தக் காயத்துக்கான பதக்கம் கைக்கு வந்து சேர்ந்தது 1983இல்! ‘தி கிரேட் எஸ்கேப்’பில் ஜெர்மன் காவலரிடம் சாக்லேட்டைக் கொடுத்து, பேச்சுக் கொடுத்து, பர்ஸை உருவுவாரே, அந்த மாதிரி ‘எதையும் எங்கிருந்தாவது கொண்டுவரும் ஆள்’ வேலையைத் தானும் கொரியாவில் செய்ததாகச் சொன்னவர் அவர். போர்க்காயம் பதிவில் இருக்கிற விஷயம். இந்தக் கதைகளின் நுணுக்கங்களுக்கு மட்டும் அவர் வாய்மொழிதான் சாட்சி.

நடிப்புக்கு வந்ததும் ஆசைப்பட்டு இல்லை. பழைய பழக்கத்தில் இருந்த பால் கிரகரி நாடகத் தயாரிப்பாளராகியிருந்தார். அவர்தான் 1954இல் பிராட்வே மேடையில் ஒரு கடற்படை ராணுவ நீதிமன்ற நாடகத்தில் இடம் கொடுத்தார். ஆறு நீதிபதிகளில் ஒருவராக உட்கார்ந்திருக்க வேண்டும், ஒரு வசனமும் கிடையாது. எதிரே ஹென்றி ஃபோண்டா வக்கீலாக வாதாடுவார். கார்னர் இரவுக்கு இரவு அவரைக் கவனித்துக்கொண்டு, கேட்டுக்கொண்டு, முகத்தில் தூக்கம் தெரியாமல் உட்கார்ந்திருக்க வேண்டும். தான் நடிப்புக் கற்றுக்கொண்டது அங்கேதான் என்று பின்னாளில் சொன்னார். அடக்கத்துக்காகச் சொன்ன பேச்சாக எனக்குத் தோன்றவில்லை. ‘நடிக்கிற மாதிரியே தெரியவில்லை’ என்கிறீர்களே, அதற்குப் பாதிப் பதில் இந்த நாற்காலியில் இருக்கிறது. மீதியைப் பின்னால் சொல்கிறேன்.

வார்னர் பிரதர்ஸ் ஸ்டூடியோ அவரை மாதச் சம்பளக்காரர் போல ஒப்பந்தத்தில் எடுத்துக்கொண்டது. சில்லறை வேஷங்கள், பிறகு 1957இல் மார்லன் பிராண்டோவோடு ‘சயோனாரா’. அதே வருடம் செப்டம்பர் 22 அன்று ஏபிசி சேனலில் ‘மேவரிக்’ ஆரம்பித்தது. நம் ஊர் சீரியல் மாதிரி தினசரித் தொடர்கதை என்று நினைத்துக்கொள்ளாதீர்கள். வாரம் ஒரு எபிசோட், ஒரு மணி நேரம், ஒவ்வொன்றும் தனிக்கதை. ஞாயிறு இரவு. எதிர்ச் சேனல்களில் எட் சல்லிவன், ஸ்டீவ் ஆலன் என்று நாடே உட்கார்ந்து பார்த்த இரண்டு நிகழ்ச்சிகள். பலி கொடுக்கத்தான் அந்த நேரத்தைக் கொடுத்தார்கள் என்று எவரும் நினைக்கக்கூடிய இடம். அதில் போய் ‘மேவரிக்’ ஜெயித்தது.

எதனால் ஜெயித்தது என்றால், அன்று டிவி முழுக்கக் குதிரைப்படம்தான். எல்லாத் தொடரிலும் கதாநாயகன் நெஞ்சை நிமிர்த்துவான், துப்பாக்கியை உருவுவான், ஊரைக் காப்பான். எழுத்தாளர் ராய் ஹகின்ஸ் இதை அப்படியே தலைகீழாகக் கவிழ்த்தார். பிரெட் மேவரிக் சீட்டாடிப் பிழைக்கிறவன். கோட்டுக்குள்ளே ஆயிரம் டாலர் நோட்டு ஒன்றை ஊசி குத்தி வைத்திருப்பான். துப்பாக்கியில் மந்தம். சண்டை வந்தால் முதலில் கதவு எங்கே இருக்கிறது என்று பார்ப்பான். ‘எங்கப்பா சொல்லுவார்’ என்று ஆரம்பித்து, எந்த அப்பாவும் பிள்ளைக்குச் சொல்லக் கூடாத புத்திமதி ஒன்றைச் சொல்லுவான். எழுதும்போது இது வேடிக்கையாக இருக்கும். திரையில் கோழையாகத் தெரிந்துவிடலாம். அப்படித் தெரியாமல் காப்பாற்றியது கார்னரின் உடம்பு. ஆறடிக்கு மேல் உயரம், அகன்ற தோள். இவன் நினைத்தால் அடிக்க முடியும் என்று பார்க்கிறவருக்குத் தெரியும். அடிக்க மனசில்லை, அவ்வளவுதான். ஒல்லியான காமெடியன் ஓடினால் அது ஒரு வகைச் சிரிப்பு. இவர் ஓடும்போது வருவது அது இல்லை.

ஒரே ஒரு எபிசோட் பார்க்க நேரம் இருந்தால் 1958 நவம்பரில் வந்த ‘ஷேடி டீல் அட் சன்னி ஏக்கர்ஸ்’ பாருங்கள். இரவு நேரம், பேங்க் மூடிவிட்டது. சீட்டில் ஜெயித்த பதினைந்தாயிரம் டாலரைப் பத்திரமாக இருக்கட்டுமே என்று பேங்க் முதலாளியிடம் கொடுத்துவிட்டுப் போகிறான் மேவரிக். காலையில் வந்தால், ‘நீ யாருப்பா, என்ன பணம்?’ என்கிறார் பெரிய மனிதர். வேறு தொடராக இருந்தால் இந்த இடத்தில் துப்பாக்கி வெடிக்கும். இவன் என்ன செய்கிறான்? எதிர்ப்புறம் ஒரு ஆடும் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்து கத்தியால் குச்சி சீவுகிறான். மொத்த ஊரும் போகிற வருகிற வழியில் ‘பணம் என்னாச்சு?’ என்று கிண்டலாகக் கேட்கிறது. ‘அந்த வேலையாத்தான் இருக்கேன்’ என்கிறான். மறுபடி சீவுகிறான். தம்பி பார்ட்டும், முந்தைய எபிசோட்களில் வந்துபோன ஏமாற்றுப் பேர்வழிகள் கூட்டமும் ஊருக்குள் புகுந்து அந்த முதலாளியைச் சுருட்டுகிறார்கள். கதாநாயகன் நாற்காலியை விட்டு எழுந்திருப்பதே அபூர்வம்.

எடிட்டராக இதைப் பார்க்கும்போது எனக்குப் பொறாமையாக இருக்கும். ஒரே கேள்வி, ஒரே பதில், ஒரே நாற்காலி, திரும்பத் திரும்ப. சுமாரான நடிகர் என்றால் ஒவ்வொரு முறையும் புதுசாக ஏதாவது செய்து காட்டுவார். புருவம் ஏறும், தோள் குலுங்கும். மூன்றாவது முறை நான் அவர் முகத்தை விட்டுவிட்டு எதிராளி முகத்துக்குத் தாவ வேண்டியிருக்கும். கார்னர் எதையும் ஏற்றுவதில்லை. அந்தக் கேள்வியை முதல் தடவை கேட்பது போலக் கேட்கிறார், ஒரு அரை நொடி யோசிக்கிறார், பதில் சொல்லிவிட்டுக் குச்சிக்கு வந்துவிடுகிறார். வசனம் முடிந்த பிறகும் கண்ணில் ஏதோ ஓடிக்கொண்டிருக்கிறது. எங்கள் வேலையில் தங்கம் என்றால் இதுதான். வசனம் முடிந்ததும் முகம் அணைந்துவிடுகிற நடிகர்களை உடனே கட் பண்ணியாக வேண்டும், இல்லையென்றால் டைரக்டர் ‘கட்’ சொல்வதற்குக் காத்திருக்கிறார் என்று தெரிந்துவிடும். இவரை எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளலாம். வசனமே இல்லாமல் மேடையில் உட்கார்ந்து கேட்டுப் பழகிய ஆள் அல்லவா. இது என் கண்ணுக்குப் படுவது. நடிப்புப் பள்ளியிலிருந்து வருகிறவர் வேறு விதமாகச் சொல்லலாம்.

அந்த எபிசோடில் பாதி வேலையைச் செய்யும் தம்பி பாத்திரம் பிறந்ததே கால்ஷீட் பிரச்சினையில். வாரம் ஒரு எபிசோட் ஒளிபரப்பாக வேண்டும். ஒன்றை எடுக்கவோ எட்டு நாள் ஆகிறது. கணக்கு இடிக்கிறது இல்லையா? அதனால் ஜாக் கெல்லியை பார்ட் மேவரிக் என்று கொண்டுவந்து, இரண்டு யூனிட் வைத்து மாற்றி மாற்றி எடுத்தார்கள். ஒரு சீரியலின் கதையைத் தயாரிப்பு ஷெட்யூல் தீர்மானிப்பது எனக்குப் புதுசு இல்லை. அங்கேயும் அப்படித்தான் என்று தெரிந்தபோது ஒரு அற்ப சந்தோஷம்.

இனி முதல் வழக்கு. இதைத் தெரிந்துகொள்ளாமல் அவர் சினிமாவுக்குப் போனது எப்படி என்று புரியாது. 1960 ஜனவரியில் ஹாலிவுட் எழுத்தாளர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். கதை இல்லை, படப்பிடிப்பு நடத்த முடியவில்லை என்று காரணம் காட்டி வார்னர் பிரதர்ஸ் கார்னரையும் கெல்லியையும் சம்பளம் இல்லாமல் நிறுத்தி வைத்தது. கார்னர் கோர்ட்டுக்குப் போனார். சம்பளத்தை நிறுத்தியதால் ஒப்பந்தத்தை மீறியது நீங்கள்தான், இனி நான் உங்களுக்குக் கட்டுப்பட்டவன் இல்லை என்பது அவர் வாதம். ஸ்டூடியோவிடம் கதைகள் வந்துகொண்டுதான் இருந்தன என்பது விசாரணையில் வெளிவந்தது. அந்த வேலைநிறுத்தக் காலத்தில் வார்னர் தொடர்களில் ‘டபிள்யூ. ஹெர்மானோஸ்’ என்று ஒரு எழுத்தாளர் பெயர் வரும். அப்படி ஒரு மனிதர் கிடையாது. ஸ்பானிஷ் மொழியில் ஹெர்மானோஸ் என்றால் சகோதரர்கள், அதாவது வார்னர் சகோதரர்கள்! ஒரு தொடரின் பழைய கதையை எடுத்து ஆள் பெயர், ஊர் பெயர் மாற்றி இன்னொரு தொடருக்கு ஓட்டும் வேலைக்கு வைத்த முகமூடிப் பெயர் அது. 1960 டிசம்பரில் தீர்ப்பு கார்னர் பக்கம் வந்தது; மேல்முறையீட்டிலும் அதுவே நின்றது. ஸ்டூடியோவை எதிர்த்த நடிகருக்கு வேலை கிடைக்காது என்ற பயம் எங்கேயும் உண்டு. பெரிய ஹிட் தொடரை உதறிவிட்டு இதைச் செய்தார் என்பதை நினைவில் வையுங்கள்.

அவர் போன இடத்துக்கு நான்காவது சீசனில் ‘இங்கிலாந்திலிருந்து திரும்பிய ஒன்றுவிட்ட சகோதரன்’ என்று ஒருவரைக் கொண்டுவந்தார்கள். அந்த நடிகரை உங்களுக்கு நன்றாகத் தெரியும்: ரோஜர் மூர். கதைகள் பிடிக்கவில்லை என்று ஒரே சீசனில் விலகி, 1962இல் ‘தி செயின்ட்’ தொடருக்குப் போய், 1973இல் ஜேம்ஸ் பாண்ட் ஆனார். மூரிடமும் நகைச்சுவை உண்டு, புருவத்தை உயர்த்திக் காட்டும் வகை. ஆனால் அடுத்தடுத்து வைத்துப் பார்த்தால் வித்தியாசம் தெரியும். மூர் ஆபத்தைப் பார்த்து நம்மோடு சேர்ந்து சிரிக்கிறார். கார்னர் ஆபத்தைப் பார்த்து நிஜமாகவே கவலைப்படுகிறார், நாம்தான் சிரிக்கிறோம்.

படங்கள் ஓடவில்லையா என்ற உங்கள் சந்தேகத்துக்கு வருகிறேன். அறுபதுகளில் அவர் கை நிறையப் படம் வைத்திருந்தார். 1963இல் ‘தி கிரேட் எஸ்கேப்’. 1964இல் ஜூலி ஆண்ட்ரூஸோடு ‘தி அமெரிக்கனைசேஷன் ஆஃப் எமிலி’. போரில் வீரம் காட்ட மறுக்கும் கடற்படை அதிகாரி வேஷம், தன் படங்களில் தனக்கு மிகப் பிடித்தது இதுதான் என்று எப்போதும் சொல்வார். 1966இல் கார் பந்தயப் படமான ‘கிராண்ட் பிரி’. பாப் பாண்டுராண்ட் என்ற பந்தய ஓட்டுநரிடம் பயிற்சி எடுத்துக்கொண்டு தானே வண்டி ஓட்டினார். அந்தப் பித்து கடைசி வரை போகவில்லை. இண்டியானாபொலிஸ் 500 பந்தயத்தில், பந்தயக் கார்களுக்கு முன்னால் போகும் முன்னோடி காரை மூன்று முறை ஓட்டியிருக்கிறார். 1969இல் ‘சப்போர்ட் யுவர் லோக்கல் ஷெரிஃப்’. அதில் வால்டர் பிரென்னன் துப்பாக்கியை நீட்டும்போது இவர் குழாய் முனையில் விரலை விட்டுக்கொண்டு நின்று பேசுவார். அந்த ஒரு ஷாட்டில் மொத்த கார்னரும் அடக்கம். இதெல்லாம் தோற்ற மனிதரின் பட்டியல் இல்லை. ஆனாலும் உள்ளதைச் சொல்ல வேண்டும்: மெக்வீனும் கிளின்ட் ஈஸ்ட்வுட்டும் இவரைப் போலவே டிவி குதிரைப்படத் தொடர்களிலிருந்து சினிமாவுக்குப் போனவர்கள்தான், அவர்கள் இருவரும் எட்டிய உயரத்தைச் சினிமாவில் இவர் எட்டவில்லை. ஏன் என்பதில் ஆளுக்கொரு கருத்து இருக்கும். என் அபிப்பிராயம், மெக்வீனையும் ஈஸ்ட்வுட்டையும் இரண்டு மணி நேரம் தூரத்திலிருந்து அண்ணாந்து பார்க்கலாம். கார்னர் பழகப் பழகப் பிடிக்கும் வகை. அந்த வகைக்கு வாரம் ஒரு முறை வீட்டுக்குள் வரும் டிவிதான் சரி.

இன்னொன்றையும் சேர்த்துப் பாருங்கள். அவர் டிவிக்குத் திரும்பிய 1971இல் அந்தக் கதவு வழியாகத் தனியாக வரவில்லை. அதே வருடத்தில்தான் ஜேம்ஸ் ஸ்டூவர்ட், ஹென்றி ஃபோண்டா, ஷிர்லி மெக்லெய்ன், டோனி கர்ட்டிஸ், ராக் ஹட்சன் எல்லோரும் சொந்தமாக ஒரு தொடரோடு டிவிக்கு வந்தார்கள். பழைய ஸ்டூடியோ முறை கலைந்துகொண்டிருந்த நேரம். ‘மார்க்கெட் போனவர் டிவிக்கு வருவார்’ என்ற நம் ஊர்க் கணக்கை வைத்தால் இவ்வளவு பேருக்கும் ஒரே வருடத்தில் மார்க்கெட் போயிருக்க வேண்டும். அந்தப் பட்டியலில் பலருடைய தொடர்கள் சீக்கிரமே நின்றுபோயின என்பதும் உண்மை.

கார்னர் கொண்டுவந்த ‘நிக்கல்ஸ்’ தொடரும் ஒரே சீசன்தான். 1914ஆம் வருட அரிசோனா, மோட்டார் சைக்கிளில் சுற்றும், துப்பாக்கி பிடிக்காத ஒரு ஷெரிஃப், அதாவது ஊர்ப் போலீஸ் அதிகாரி. அவருக்குச் சொந்தப் பிள்ளை மாதிரி இது. ரேட்டிங் வரவில்லை என்றதும் கடைசி எபிசோடில் கதாநாயகனையே சுட்டுக் கொன்று, அவனைவிட முரட்டுத்தனமான இரட்டைச் சகோதரனாக அவரையே திரும்பக் கொண்டுவந்தார்கள், அடுத்த சீசன் கிடைத்தால் அவனை வைத்து ஓட்டலாம் என்று. அடுத்த சீசனே கிடைக்கவில்லை. ரேட்டிங் பயத்தில் பாத்திரத்தைக் கொல்வது, டபுள் ஆக்ட் கொண்டுவருவது எல்லாம் நமக்குத் தெரியாததா.

1974இல் வந்ததுதான் ‘தி ராக்ஃபோர்ட் ஃபைல்ஸ்’. அதே ராய் ஹகின்ஸும் ஸ்டீவன் கேனல் என்ற இளைஞரும் உருவாக்கியது. செப்டம்பர் 13 அன்று என்பிசியில் ஆரம்பித்து 1980 ஜனவரி வரை ஆறு சீசன். என்னைக் கேட்டால், கார்னரை எடைபோட மற்ற எல்லாவற்றையும் ஒதுக்கிவிட்டு இதை மட்டும் வைத்துக்கொள்ளலாம். ஜிம் ராக்ஃபோர்ட் ஒரு தனியார் துப்பறிவாளன். செய்யாத குற்றத்துக்கு ஐந்து வருடம் ஜெயிலில் இருந்து மன்னிப்பு வாங்கி வெளியே வந்தவன். மாலிபு கடற்கரையில் கார் நிறுத்துமிடத்துக்குப் பக்கத்தில் ஒரு பழைய டிரெய்லர் வண்டிதான் வீடு, ஆபீஸ் எல்லாம். கூலி ஒரு நாளைக்கு இருநூறு டாலர், செலவு தனி. பாதி நேரம் அதுவும் வராது. துப்பாக்கி பிஸ்கட் ஜாடிக்குள் கிடக்கும். காரில் குட்டி அச்சு இயந்திரம் வைத்திருப்பான், யாரையாவது போய்ப் பார்க்க வேண்டுமென்றால் அந்த நேரத்துக்கு ஒரு விசிட்டிங் கார்டை அடித்துக்கொண்டு இன்ஷூரன்ஸ்காரனாகவோ எண்ணெய்க் கம்பெனிக்காரனாகவோ இறங்குவான். ஒவ்வொரு எபிசோடும் அவன் வீட்டு டெலிபோன் பதிவுக் கருவியில் ஆரம்பிக்கும். ‘ஜிம் ராக்ஃபோர்ட் பேசறேன், செய்தியைச் சொல்லுங்க’ என்று அவன் குரல், அதற்குப் பிறகு வாரம் ஒரு புதுத் தொல்லை: கடன்காரர், காசோலை திரும்பிய கடைக்காரர், யாரோ தப்பு நம்பர். கதைக்கு அதோடு சம்பந்தமே இருக்காது. இந்த ஆள் எப்படிப்பட்ட வாழ்க்கை வாழ்கிறான் என்பது அரை நிமிடத்தில் தெரிந்துவிடும்.

சண்டைக் காட்சிகளைக் கவனியுங்கள். ராக்ஃபோர்ட் யாரையாவது குத்தினால் அடுத்த ஷாட்டில் தன் கையை உதறிக்கொள்வான், வலிக்கிறதாம். பெரிய ஆள் எதிரே வந்தால் முதலில் பேசிப் பார்ப்பான், பிறகு பொய் சொல்லிப் பார்ப்பான், அப்புறம் கிடைத்ததால் ஒரு போடு போட்டுவிட்டு ஓடுவான். அடி வாங்குவதும் அதிகம். இவ்வளவு அடி வாங்குகிறவனை நாம் ஏன் மதிக்கிறோம்? அடி விழுவதற்கு முன்பே அவன் முகத்தில் ‘இது வலிக்கப்போகிறது’ என்ற கணக்கு ஓடிவிடுகிறது, தெரிந்தும் நிற்கிறான். சாகசமும் நகைச்சுவையும் ஒரே முகத்தில் ஒரே நேரத்தில் இருக்கும் இடம் அந்த அரை நொடி. பொதுவாக நாங்கள் சிரிப்புக்கு ஒரு ஷாட், பயத்துக்கு ஒரு ஷாட் என்று பிரித்து ஒட்டுவோம். அவர் இரண்டையும் ஒன்றாகக் கொடுத்துவிடுகிறார், வெட்டத் தேவையில்லை.

சுற்றி இருந்தவர்களுக்கும் பங்கு உண்டு. லாரி ஓட்டி ஓய்வுபெற்ற அப்பா ராக்கியாக நோவா பியரி ஜூனியர், ‘ஒழுங்கா ஒரு வேலைக்குப் போயேன்டா’ என்று எபிசோடுக்கு எபிசோட் நச்சரிப்பார். ஜெயில் கூட்டாளி ஏஞ்சலாக ஸ்டூவர்ட் மார்கோலின், காசுக்காக எவரையும் காட்டிக்கொடுக்கும் பிறவி. அந்த வேஷத்துக்கு அமெரிக்க டிவியின் பெரிய விருதான எம்மியை இரண்டு முறை வாங்கினார். போலீஸ் நண்பர் பெக்கராக ஜோ சான்டோஸ். இவர்கள் வரும் காட்சிகளில் கார்னர் காட்சியை விட்டுக்கொடுத்துவிட்டு எதிராளியைப் பார்த்துக்கொண்டு நிற்பார். தொடரின் முதலாளிகளில் ஒருவராக இருந்துகொண்டு அதைச் செய்வது சின்ன விஷயம் இல்லை. எழுதியவர்களில் டேவிட் சேஸ் ஒருவர். இருபது வருடம் கழித்து ‘தி சோப்ரானோஸ்’ டிவி தொடரைப் படைத்தவர். 1977இல் கார்னருக்குச் சிறந்த நடிகர் எம்மி, 1978இல் தொடருக்கே சிறந்த நாடகத் தொடர் எம்மி.

இதற்கு அவர் கொடுத்த விலை முழங்கால். கதாநாயகன் ஏறக்குறைய எல்லாக் காட்சியிலும் இருக்கிறான். ஓட்டம், சண்டை, கார் துரத்தல் என்று பலவற்றையும் தானே செய்தார். பின்னோக்கி வேகமாகப் போய்ச் சட்டென்று வண்டியை அரை வட்டம் சுழற்றி முன்னோக்கிப் பாயும் வித்தையை இன்றும் அமெரிக்காவில் ‘ராக்ஃபோர்ட் திருப்பம்’ என்பார்கள். ஆறாவது சீசன் நடுவில் முழங்கால் வலியும் வயிற்றுப் புண்ணும் சேர்ந்து, டாக்டர்கள் ஓய்வெடுக்கச் சொல்ல, தொடர் நின்றது. இதிலும் மார்க்கெட் போன கதை இல்லை, உடம்பு ஒத்துழைக்கவில்லை.

அப்புறம் இரண்டாவது வழக்கு. தொடரின் நிகர லாபத்தில் அவருக்குப் பங்கு என்று ஒப்பந்தம். யுனிவர்சல் ஸ்டூடியோ கணக்கு காட்டியபோது, உலகமெங்கும் மறுஒளிபரப்பாகிக்கொண்டிருந்த தொடரில் பங்கு போட லாபமே இல்லை என்றது. 1983இல் வழக்கு போட்டார். 1989இல் சமரசமாக முடிந்தது, தொகை வெளியிடப்படவில்லை. ஒரு கோடியே நாற்பது லட்சம் டாலர் என்று பத்திரிகைகளில் அடிபடுகிற எண்ணை உறுதியானதாக எடுத்துக்கொள்ள வேண்டாம். அது வெளியாட்களின் மதிப்பீடு. உறுதியானது என்னவென்றால், ‘நிகர லாபம்’ என்ற வார்த்தையை நம்பிக் கையெழுத்துப் போட்டால் என்ன ஆகும் என்று ஹாலிவுட்டில் பேச்சு வரும்போதெல்லாம் இந்த வழக்கும் கூடவே வரும்.

பிற்காலத்தை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். எழுபதுகளின் கடைசியில் நடிகை மரியெட் ஹார்ட்லியோடு நடித்த போலராய்டு கேமரா விளம்பரங்கள் அவ்வளவு இயல்பாக இருந்ததால், அவர்கள் நிஜப் புருஷன் பெண்டாட்டி என்றே ஜனங்கள் நம்பினார்கள். ‘நான் கார்னரின் மனைவி இல்லை’ என்று எழுதிய டிஷர்ட்டை அந்த அம்மா போட்டுக்கொள்ளும் அளவுக்குப் போனது. நிஜ மனைவி லோயிஸ் கிளார்க். 1956இல் சந்தித்த இரண்டே வாரத்தில் கல்யாணம், சாகும் வரை அதே குடும்பம். 1981இல் ‘பிரெட் மேவரிக்’ என்று பழைய வேஷத்தைத் தூசிதட்டினார், ஒரு சீசனில் நின்றது. 1985இல் ‘மர்ஃபீஸ் ரொமான்ஸ்’ படத்துக்கு ஆஸ்கர் பரிந்துரை வந்தது, வாழ்நாளில் அது ஒன்றுதான். 1986இல் ‘பிராமிஸ்’ என்ற டிவி படம், மனநோய் உள்ள தம்பியைப் பார்த்துக்கொள்ள வேண்டிய அண்ணன். தயாரிப்பாளர்களில் ஒருவராக அதற்கும் எம்மி வாங்கினார். 1994 முதல் 1999 வரை எட்டு ராக்ஃபோர்ட் டிவி படங்கள். 2003இல் நடிகர் ஜான் ரிட்டர் திடீரென்று இறந்தபோது, அவருடைய குடும்பக் காமெடித் தொடரில் தாத்தாவாகப் போய் நின்றார். 2004இல் ‘தி நோட்புக்’. நம் பக்கத்து இளைஞர்கள் பலருக்கு அவரைத் தெரிவது அந்த முதியவராகத்தான். 2014 ஜூலை 19 அன்று லாஸ் ஏஞ்சலஸில் தன் வீட்டில் காலமானார், வயது 86.

எதில் ஆரம்பிப்பது என்று அடுத்து கேட்பீர்கள். மேலே சொன்ன நாற்காலி எபிசோடைப் பார்த்துவிட்டு நேரே ராக்ஃபோர்ட் முதல் சீசனுக்குப் போங்கள். முதல் நாலைந்து எபிசோட் மெதுவாகத்தான் நகரும், அன்றைய டிவி வேகம் அது. கார் போகிற ஷாட்களை இன்றைக்கு நான் எடிட் செய்தால் பாதியாக்கிவிடுவேன். ஏஞ்சலும் அப்பாவும் நிறைய வரும் கதைகள் வந்ததும் பிடித்துக்கொள்ளும். ‘மேவரிக்’ தொடரைக் கார்னருக்காகப் பார்ப்பதென்றால் முதல் மூன்று சீசன் போதும், அதிலும் ஆரம்பத்தில் வருகிறவர் கெல்லியா இவரா என்று பார்த்துக்கொண்டு உட்காருங்கள். நான்காவது சீசனில் இவர் முகம் ஒரு எபிசோடில் எட்டிப்பார்க்கும். அது கோர்ட்டுக்குப் போவதற்கு முன்பே எடுத்து ஸ்டூடியோ கையிருப்பில் வைத்திருந்தது.